ஊட்டிக்கு ஒற்றை ஆளாக

"தம்பிக்குச் சொந்த ஊரு எது?"

சொன்னேன்.

"அங்க ஊருக்குள்ளயா, காலனியா?"

"காலனிதாங்க."

"சரி, பாத்துட்டுக் கூப்பிடுறேன்."

அவர் கூப்பிடவே இல்லை. ஊட்டியில் வீட்டு மாடியை வாடகைக்கு விடுகிறவர். ஊர்ப் பெயரைச் சொல்லும்வரை அறை காலியாகத்தான் இருந்தது. அதற்கு முன்பு பேசிய லாட்ஜில், "தனியா வர்றவங்களுக்கு ரூம் கொடுக்கிறதில்ல" என்று வைத்துவிட்டார்கள். அதையாவது எல்லோரிடமும் சொல்வார்கள். இரண்டாவது கேள்வியை எல்லோரிடமும் கேட்க மாட்டார்கள்.

குறைந்த செலவில் தனியாக மலைக்குப் போவது எப்படி என்று மாணவத் தோழர்கள் சிலர் கேட்டிருந்தீர்கள். கணக்கைச் சொல்கிறேன். ஆனால் நமக்கு அந்தக் கணக்கு பணத்தோடு முடிவதில்லை. அதனால்தான் அறை தேடிய கதையில் தொடங்கினேன்.

எங்கள் வீட்டில் ஊர்விட்டு ஊர் போவது என்றால் கரும்பு வெட்ட, சூளைக்கு, இல்லையென்றால் சாவுக்கு. சும்மா பார்த்துவிட்டு வரப் போகிறேன் என்றதும் அம்மாவுக்குப் புரியவில்லை. "வேல இல்லாம எதுக்குடா அங்க?" என்றார். எனக்கு ஒரு காரணம் இருந்தது. பண்டிதர் அயோத்திதாசர் வளர்ந்த மலை அது. 1891 டிசம்பரில் அவர் திராவிட மகாஜன சபையின் மாநாட்டை நீலகிரியில்தான் கூட்டினார். பத்துத் தீர்மானங்கள். சாதிப் பெயரைச் சொல்லி இழிவுபடுத்துவதைச் சட்டம் போட்டுத் தடுக்க வேண்டும் என்பதில் தொடங்கி, கல்வி, வேலை, பொதுக் கிணறு வரை கேட்டார்கள். அவ்வளவு கேட்ட ஊரில், என்னிடம் ஒருவர் காலனியா என்று கேட்கிறார். போயே தீர்வது என்று முடிவு செய்தேன்.

செப்டம்பரில் போனேன், அதுவும் வார நாளில். ஏப்ரல், மே சீசனில் வாடகை இரண்டு மூன்று மடங்காகிவிடும். சென்னையிலிருந்து இரவு ரயிலில் மேட்டுப்பாளையம், அங்கிருந்து அரசுப் பேருந்து. மலை ரயிலுக்கு முன்பதிவு சீக்கிரம் தீர்ந்துவிடும். அதற்காகக் காத்திருக்க வேண்டாம். சொந்த வண்டியில் போனால் இ-பாஸ் எடுக்க வேண்டும். பேருந்தில் போகிறவருக்கு அது தேவையில்லை. மாவட்டத்தில் பிளாஸ்டிக் தண்ணீர் பாட்டிலுக்குத் தடை. வீட்டிலிருந்தே எவர்சில்வர் பாட்டில் எடுத்துப் போங்கள்.

மேட்டுப்பாளையத்தில் இறங்கியதும் நடூர் நினைவுக்கு வந்தது. 2019 டிசம்பர் 2 விடியற்காலை, மழையில் ஊறிய சுற்றுச்சுவர் ஒன்று அருந்ததியர் வீடுகள்மேல் சரிந்து 17 பேர் இறந்த இடம். அதைத் தீண்டாமைச் சுவர் என்றே அந்த மக்கள் சொன்னார்கள். ஊட்டிக்குப் போகிற கூட்டம் அந்த ஊர் வழியாகத்தான் போகிறது. நான் ஒரு பேருந்தை விட்டுவிட்டு, சிறிது நேரம் நின்றுவிட்டு, அடுத்த பேருந்தில் ஏறினேன்.

ஊட்டி பேருந்து நிலையத்துக்குப் பக்கத்திலேயே ஒரு சாதாரண லாட்ஜ் கிடைத்தது. ஆதாரைப் பார்த்தார்கள், பணம் வாங்கினார்கள், சாவி கொடுத்தார்கள். வேறு எதுவும் கேட்கவில்லை. மூன்று நாள் செலவு இது: ரயிலும் பேருந்தும் போக வர 850, அறை இரண்டு இரவுக்கு 900, சாப்பாடு 450, உள்ளூர்ப் பேருந்து, நுழைவுக் கட்டணம் 200. மொத்தம் 2,400 ரூபாய். தாவரவியல் பூங்காவுக்கு நடந்தே போனேன். தொட்டபெட்டாவில் பனி மூடி எதுவும் தெரியவில்லை. அதற்காக வருத்தமில்லை.

1891 மாநாடு எந்த இடத்தில் நடந்தது என்று நான்கு பேரிடம் விசாரித்தேன். ஒரு டீக்கடை அண்ணன் மட்டும், "அயோத்திதாசர் யாரு தம்பி?" என்று திருப்பிக் கேட்டார். அரை மணி நேரம் பேசினோம். டீக்குக் காசு வாங்க மறுத்துவிட்டார். கடைசியில் அவர் சொன்னது: "நீங்க சொல்லித்தான் எனக்கே தெரியுது."

போகிறவர்களுக்கு ஒன்று. அறை கேட்பதைப் போனில் பேசாமல் மெசேஜில் எழுதிக் கேளுங்கள். மறுப்பும் எழுத்தில் இருக்கட்டும். விடுதிக்குள் நுழையச் சாதி தடையாக இருக்கக் கூடாது என்று அரசியல் சட்டத்தின் 15ஆவது கூறு சொல்கிறது. என்னிடம் அன்று ஆதாரம் எதுவும் இல்லை. அதனால் அந்த மாடிவீட்டுக்காரரை ஒன்றும் செய்ய முடியவில்லை. உங்களுக்கு அப்படி ஆகக் கூடாது. போகிற இடத்தையும் தங்கும் இடத்தையும் ஒரு தோழரிடம் சொல்லிவிட்டுப் போங்கள். பெண் தோழர்கள் இரவில் போய் இறங்காதபடி நேரத்தைத் திட்டமிடுங்கள்.

திரும்பி வந்ததும் அம்மா கேட்டார்: "அங்க என்னடா பண்ண?"

"ஒண்ணும் பண்ணலம்மா. சும்மா இருந்தேன்."

"நல்லா இருந்துச்சா?"

அடுத்த செப்டம்பரில் அவரையும் கூட்டிப் போகிறேன். இரண்டு பேருக்கு என்ன செலவு என்று அப்போது எழுதுகிறேன்.

ஜெய் பீம்.