தனியாகச் சாப்பிட்ட ஓட்டக்காரர்

மதிப்பிற்குரிய கோன் இச்சிகாவா ஐயா அவர்களுக்கு,

2008-இல் நீங்கள் மறைந்த பிறகுதான் உங்கள் 'டோக்கியோ ஒலிம்பியாட்' படம் என் கண்ணில் பட்டது. 1964 ஒலிம்பிக்கைப் பற்றி அடுத்த வருடமே வந்த படம். யார் யார் தங்கம் வாங்கினார்கள் என்று பார்க்கத்தான் உட்கார்ந்தேன். மூன்று மணி நேரம் கழித்து எழுந்தபோது மனசில் நின்றவர் பதக்கமே வாங்காத ஒருவர்.

அகமது இசா. ஆப்பிரிக்காவின் சாடு நாட்டுக்காரர். 1960-இல்தான் விடுதலையடைந்த அந்த நாடு முதன்முதலாக ஒலிம்பிக்குக்கு அனுப்பியது இரண்டே பேரை. 800 மீட்டர் ஓட்டத்தில் அரையிறுதியோடு இவர் ஓட்டம் முடிந்துவிட்டது. வேறு யாராக இருந்தாலும் கேமராவை அங்கேயே நிறுத்தியிருப்பார்கள். நீங்கள் அவர் பின்னாலேயே சாப்பாட்டுக் கூடம்வரை போனீர்கள். அத்தனை பேர் நடுவே அவர் தனியாக உட்கார்ந்து சாப்பிடுகிறார். அவ்வளவுதான் காட்சி. எனக்குத் தொண்டை அடைத்துக்கொண்டது.

மாரத்தானிலும் அப்படித்தான். குடல்வால் அறுவைசிகிச்சை நடந்து ஆறு வாரம்கூட ஆகாத அபேபே பிகிலாவின் முகத்தை, வேர்வை சொட்டச் சொட்ட, அலுக்காமல் பார்த்துக்கொண்டே இருந்தீர்கள். அவர் ஜெயித்த கதை ஊருக்கே தெரியும். எனக்குப் பிடித்தது தண்ணீர் வைத்திருந்த மேசை. ஒருவர் ஓடுகிற ஓட்டத்திலேயே கோப்பையை எடுக்கிறார். இன்னொருவர் நின்று, நிதானமாகக் குடித்துவிட்டு, அடுத்த கோப்பைக்குக் கை நீட்டுகிறார். தாகம் எடுத்த மனுஷன்! கைப்பந்தில் ஜப்பான் பெண்கள் தங்கம் வென்ற நேரத்திலும், ஒதுங்கித் தனியாக நின்ற பயிற்சியாளர் தைமாட்சுவை உங்கள் கண் தேடிப் பிடித்தது. ஒரு ஸ்டுடியோவின் கார்ட்டூன் பிரிவில் படம் வரைந்து தொழில் பழகியவர் நீங்கள். ஒரு கை அசைவதற்கே எத்தனை படம் வரைய வேண்டும் என்று தெரிந்தவருக்குத்தான் அந்தப் பொறுமை வரும் என்று நினைக்கிறேன்.

ஜப்பான் அமைச்சர் இச்சிரோ கோனோவுக்குப் படம் பிடிக்கவில்லை. இது பதிவா, கலையா என்று நாடே சண்டை போட்டது. நடிகை ஹிதெகோ தகாமினே உங்களுக்காகப் பத்திரிகையில் எழுதினார், அமைச்சரிடமே போய்ப் பேசினார். அந்த அம்மாவுக்கும் என் நன்றி.

நான் கல்யாண வீடியோ எடுக்கிறவன். பள்ளி விளையாட்டு விழாக்களுக்கும் கூப்பிடுவார்கள். உங்கள் படத்தைப் பார்த்த பிறகு வந்த ஒரு விழாவில், 400 மீட்டரில் கடைசியாக வந்த பிள்ளை மைதானத்து ஓரமாக உட்கார்ந்து, உள்ளங்காலில் அப்பியிருந்த சரளைக் கற்களை ஒவ்வொன்றாகத் தட்டிவிட்டுக்கொண்டிருந்தாள். மூக்கு நுனியில் ஒரு சொட்டு வேர்வை. அங்கே பரிசளிப்பு தொடங்கிவிட்டது. நான் கேமராவைத் திருப்பவில்லை.

"கோப்பை வாங்குறதை மட்டும் வச்சாப் போதும், இதை எடுத்துடுங்க" என்றார்கள் பள்ளியில். எடுத்துவிட்டுக் கொடுத்தேன். அந்தத் துண்டை மட்டும் என் செல்போனில் போட்டு, பிள்ளையின் அம்மாவிடம் காட்டினேன். அங்கேயே நின்று மூன்று தடவை பார்த்தார்.

அவர் பார்வையில் இருந்த நன்றி உங்களுக்குச் சேர வேண்டியது ஐயா.

இப்படிக்கு,
ஒரு வீடியோக்காரன்