ரொட்டிக் குதிரை

நவம்பர் பிறந்தால் நம் பங்குகளில் கல்லறைகளுக்கு வெள்ளையடிக்கிறோம். மலர் தூவி, மெழுகுதிரி ஏற்றிச் செபிக்கிறோம். அதே நாள்களில், கடல்களுக்கு அப்பாலுள்ள மலைநாடு ஒன்றில் ரொட்டிக் குதிரைகள் அடுப்பிலிருந்து இறங்குகின்றன. அவற்றைக் காணும் பேறு சில ஆண்டுகளுக்கு முன் எனக்குக் கிட்டியது.

பெரு நாட்டின் குஸ்கோ நகரம் கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 3,400 மீட்டர் உயரத்தில் அமைந்தது. இன்கா மன்னர்களின் பண்டைத் தலைநகர். நான்கு படி ஏறினாலே மூச்சு வாங்கும். உரோமையில் என்னோடு பயின்ற குருவானவர் ஒருவர் அங்கே பணிபுரிகிறார். அக்டோபர் 31 அன்று காலை அவர் என்னை ஒரு ரொட்டிக் கடைக்கு அழைத்துச் சென்றார்.

மறுநாள் புனிதர் அனைவர் திருநாள். அன்று சிறுமியருக்குக் குழந்தை வடிவ ரொட்டியும், சிறுவருக்குக் குதிரை வடிவ ரொட்டியும் அளிப்பது அவ்வூர் வழக்கம். குழந்தை ரொட்டிக்கு ‘வாவா’ என்று பெயர். கெச்சுவா மொழியில் பச்சிளங்குழந்தை என்பது பொருள். கோதுமையும் குதிரையும் 16-ஆம் நூற்றாண்டில் ஸ்பானியரோடு கடல் கடந்து வந்தவை. பெயரோ அம்மண்ணின் மொழியிலேயே நிலைத்துவிட்டது.

மாவு, முட்டை, சர்க்கரை, கொழுப்பு, ஈஸ்ட் ஆகியவற்றைச் சேர்த்துப் பிசைகிறார்கள். உயரமான இடத்தில் காற்றழுத்தம் குறைவாதலால் மாவு விரைந்து பொங்கிவிடும். கவனம் தப்பினால் குதிரையின் கால்கள் உருக்குலைந்துபோகும். சிலவற்றினுள் பாலையும் சர்க்கரையையும் சுண்டக் காய்ச்சிய பூரணத்தை வைக்கிறார்கள்; நம் திரட்டுப்பாலை ஒத்தது அது. மூடிய விளிம்பு அடிப்புறம் இருக்குமாறு தட்டில் வைப்பார்கள். இல்லையேல் சூட்டில் பிளந்து இனிப்பு வழிந்துவிடும்.

அப்போது சிறுமியொருத்தியின் கைப்பிடித்து ஒரு தாய் வந்தாள். ஒரு வாவாவும் ஒரு குதிரையும் வாங்கினாள்.

“குதிரை யாருக்கம்மா?” என்று நண்பர் வினவினார்.

“இவள் தம்பிக்கு, சுவாமி. இரண்டு வயதில் இறந்துபோனான். நாளை மறுநாள் அவன் படத்தின் முன் வைத்துச் செபிப்போம். பிறகு, கூடச் செபிக்க வரும் பிள்ளைகளுக்குப் பங்கிடுவோம்.”

அம்மலைநாட்டில், குறிப்பாக அண்டை நாடான பொலிவியாவில், ஏணி வடிவ ரொட்டியும் வைப்பதுண்டு என நண்பர் விளக்கினார். ஆன்மா வானகம் ஏற ஏணி, வழிப்பயணத்திற்குக் குதிரை.

நான் பேச்சற்று நின்றேன். பல ஆண்டுகளுக்கு முன், கல்லறைத் திருநாளன்று, என் பங்கிலும் ஒரு தாய் தன் மகனின் கல்லறைமீது ஒரு பன் வைத்திருந்தாள். “அவனுக்கு ரொம்பப் பிடிக்கும், சாமி” என்றாள். “இறந்தவர்கள் உண்பார்களா? எடுத்துவிடு” என்று எல்லார் முன்னிலும் கடிந்தேன். அவள் அதை முந்தானையில் முடிந்துகொண்டு, ஒன்றும் பேசாமல் போனாள். நான் சொன்ன போதனையில் பிழையில்லை. சொன்ன விதத்தில் அன்பில்லை.

ஊர் திரும்பியதும் அவள் வீடு சென்று மன்னிப்புக் கேட்டேன். “இம்முறை பன் கொண்டுவா, அம்மா, மந்திரித்தபின் பிள்ளைகளுக்குக் கொடுப்போம்” என்றேன்.

அடுத்த கல்லறைத் திருநாளில் அவள் ஒரு கூடை நிறையக் கொண்டுவந்தாள். முதல் பன்னை என் கையில் வைத்தாள்.