கோபா: மழைத் தெய்வத்தின் காட்டில் ஒரு நாள்

யுகாத்தான் தீபகற்பத்தின் வடபகுதியில் ஆறு என்று சொல்ல ஒன்றும் இல்லை. மெக்சிகோ நாட்டின் தென்கிழக்கில், கரீபியன் கடலுக்கும் மெக்சிகோ வளைகுடாவுக்கும் நடுவே, பலகைபோல் பரந்து கிடக்கும் சுண்ணாம்புப் பாறை நிலம் அது. பெய்யும் மழை தரையில் ஓடாமல் பாறைக்குள் இறங்கிவிடுகிறது. நிலத்தடியில் குகை குகையாகப் பரவி நிற்கும் அந்த நீர், பாறைக் கூரை இடிந்து விழுந்த இடங்களில் மட்டும் வானத்தைப் பார்க்கிறது. இந்த இயற்கைக் கிணறுகளுக்குச் செனோட்டே என்று பெயர். இத்தகைய நாட்டில் வாழ்ந்த மாயா மக்கள் மழையைத் தெய்வமாகக் கொண்டதில் வியப்பில்லை. அத்தெய்வத்தின் திருநாமம் சாக். திசைக்கு ஒருவராக நான்கு சாக்குகள் நின்று மழை பொழிவிக்கின்றனர் என்பது அவர்களது நம்பிக்கை. கிணறுகளும் குகைகளும் அவர் உறையும் இடங்கள்.

அமெரிக்காவில் வாழும் பிள்ளைகளின் வீட்டில் சில மாதங்கள் தங்கச் செல்லும் பெரியவர்கள், விடுமுறைக்காகக் கான்கூன், துலும் முதலிய கடற்கரை ஊர்களுக்கு அழைத்துச் செல்லப்படுவது இப்போது அரிதன்று. கடற்கரையில் அவர்களுக்கு அதிக வேலையில்லை. ஆனால் துலும் நகரிலிருந்து உள்நாட்டை நோக்கி ஏறத்தாழ 45 கிலோமீட்டர் சென்றால் கோபா என்னும் பழம்பதி இருக்கிறது. காலையில் பாழடைந்த கோயில்கள், பிற்பகலில் காடும் ஏரியும், மாலையில் ஒரு கிராமம் என்று ஒரே நாளில் கண்டு திரும்பலாம். வெயில் கடுமையானது, விடியற்காலையிலேயே புறப்பட்டுவிட வேண்டும்.

காற்றில் சலசலக்கும் நீர் என்பது கோபா என்ற பெயருக்குப் பலரும் கூறும் பொருள். ஏரிகள் அருகிய அந்த நிலத்தில் இவ்வூரைச் சுற்றி ஏரிகள் அமைந்துள்ளன. அந்த நீரை நம்பியே நகரம் எழுந்தது. கி.பி. 600 முதல் 900 வரையிலான காலத்தில் அது உச்சநிலையில் இருந்தது. ஐம்பதாயிரம் பேர் வரை வாழ்ந்திருக்கலாம் என்று ஆய்வாளர் மதிப்பிடுகின்றனர். கி.பி. 640 முதல் 682 வரை காவீல் அஹாவ் என்னும் அரசி இங்கு ஆட்சி புரிந்தாள். கோபாவிலிருந்து மேற்கே யாஷுனா என்ற ஊர்வரை 100 கிலோமீட்டர் நீளத்துக்குச் செல்லும் கல்சாலை அவள் காலத்தில் அமைக்கப்பட்டிருக்கலாம் என்று கருதுகின்றனர். கற்களைக் கொட்டிப் பரப்பி, மேலே வெண்சுண்ணாம்புக் காரை பூசிய இச்சாலைகளுக்குச் சாக்பே, அதாவது வெள்ளைச்சாலை, என்று பெயர். கோபாவிலிருந்து இப்படி ஐம்பது அளவில் சாலைகள் பிரிந்தன. மாயா மக்களிடம் பாரம் சுமக்கும் மாடோ குதிரையோ இல்லை. சக்கர வண்டியும் இல்லை. ஒவ்வொரு கல்லும் மனிதர் முதுகில் வந்தது என்பதை நினைத்துக்கொண்டே அச்சாலையில் நடக்க வேண்டும்.

நடக்க இயலாதவர்கள் கவலைப்பட வேண்டியதில்லை. வாயிலருகே, உள்ளூர் மாயா இளைஞர்கள் மிதித்து ஓட்டும் மூன்று சக்கர வண்டிகள் கிடைக்கின்றன. முன்புறம் இருவர் அமர்ந்துகொள்ளலாம். பெரிய கோபுரம் வாயிலிலிருந்து ஏறத்தாழ இரண்டு கிலோமீட்டர் தொலைவில் காட்டுக்குள் இருப்பதால், முழங்கால் வலி உள்ளவர்கள் வண்டியை அமர்த்திக்கொள்வதே நல்லது. இருபுறமும் அடர்ந்த மரங்கள். அவற்றினிடையே மண்மேடாகக் கிடப்பவற்றுள் பல, இன்னும் அகழப்படாத கட்டடங்களே.

நோஹோச் மூல் என்னும் கோபுரம் 42 மீட்டர் உயரமுடையது, 120 படிகள். பெரிய மேடு என்பதே அப்பெயரின் பொருள். உச்சியில் ஒரு சிறு சந்நிதி உண்டு. அதன் முகப்பில், தலைகீழாக வானிலிருந்து இறங்கி வரும் தெய்வத்தின் உருவம் செதுக்கப்பட்டிருக்கிறது. நெடுங்காலம் எல்லோரும் மேலே ஏறி வந்தனர்; 2020-இல் நோய்ப்பரவலை ஒட்டி அது நிறுத்தப்பட்டது. ஏறலாமா என்பதை அன்றன்று வாயிலில் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும். ஏற முடியாவிட்டாலும் குறையில்லை. கோபாவில் நின்று காண வேண்டியது வேறொன்று.

அது மாகான்ஷோக் என்னும் பகுதியில், ஓலைக்கூரையின் கீழ் நிற்கும் ஒரு கற்பலகை. முதலாம் கற்பலகை என்று அறிஞர் இதற்கு எண்ணிட்டுள்ளனர். மென்மையான சுண்ணாம்புக்கல் என்பதால் மழையில் கரைந்து உருவங்கள் மங்கிவிட்டன. எனினும் அதில் பொறிக்கப்பட்ட நாட்கணக்கைப் படித்துவிட்டார்கள். இப்போதைய உலகம் தோன்றிய நாளாக மாயா மக்கள் கொண்ட கி.மு. 3114 ஆகஸ்ட் மாதத்து நாள் அதில் குறிக்கப்பட்டுள்ளது. அதற்கு முன்னே, ஒன்றைவிட ஒன்று இருபது மடங்காகப் பெருகும் கால அளவுகள் வரிசையாக நிற்கின்றன. அவற்றையெல்லாம் கணக்கிட்டால், இன்றைய விஞ்ஞானம் பிரபஞ்சத்துக்குக் கூறும் வயது மிகச் சிறியதாகிவிடும். 2012 டிசம்பரில் மாயா நாட்காட்டி முடிகிறது, உலகம் அழியப்போகிறது என்று ஊரெங்கும் பேச்சு எழுந்ததே, அந்தப் பேச்சைக் கிளப்பியவர்கள் இக்கல்லை ஒருமுறை பார்த்திருந்தால் போதும். முடிந்தது ஒரு சுற்று மட்டுமே.

நம் மரபில் கலியுகம் பிறந்த ஆண்டாகக் கொள்ளப்படுவது கி.மு. 3102. இரண்டுக்கும் இடையே பன்னிரண்டு ஆண்டுகளே வேறுபாடு என்பதைக் கண்டவுடன் மனம் துள்ளும். மாயா என்ற பெயரைக் கேட்டு, பாண்டவர்க்கு மண்டபம் சமைத்த மயனை நினைவுகூர்ந்து, அவன் வழிவந்தோரே இவர்கள் என்று எழுதியவர்களும் பேசியவர்களும் நம்மிடையே உண்டு. பெயர் ஒலி ஒத்திருப்பது உறவுக்குச் சான்று ஆகாது. மொழியிலும் எழுத்திலும் பயிர்வகையிலும் இரு நாடுகளுக்கும் பண்டைத் தொடர்பு இருந்ததாக ஆதாரம் எதுவும் இல்லை. கடல்களுக்கு அப்பால், நம்மை அறியாத ஒரு மக்கள், தாமாகவே வானத்தைப் பார்த்துத் தாமாகவே பூஜ்யத்தைக் கண்டு, யுகக்கணக்குப் போட்டார்கள். அவர்களது பெருமையை நாம் பங்கு கேட்காமல் இருப்பதே அவர்களுக்குச் செய்யும் மரியாதை.

அவர்களது வழிபாட்டில் இரத்தப்பலி இருந்தது. அரசரும் அரசியரும் தம் உடலைக் கீறி இரத்தம் சிந்தினர். போரில் பிடிபட்டோர் பலியிடப்பட்டனர். கோபாவின் கற்பலகைகளிலேயே, கட்டுண்ட கைதிகளின்மேல் ஆள்வோர் நிற்கும் உருவங்கள் உள்ளன. மறைத்துப் பேச ஒன்றும் இல்லை. ஆனால் அதைக் காரணம் காட்டி வந்தவர்கள் அழித்தது பலியை மட்டுமா? 1562-இல் மானி என்னும் ஊரில் தியேகோ தே லாந்தா என்ற ஸ்பானியத் துறவி, தெய்வ உருவங்களோடு மாயா ஏடுகளையும் குவித்துத் தீயிட்டார். மரப்பட்டைத் தாளில் வரைந்த அந்த ஏடுகளில் கோள்களின் கணக்கும் விழாக்களின் முறையும் இருந்தன. உலகம் முழுவதிலும் இன்று எஞ்சியிருப்பவை நான்கே. வாயிற்படிக்கல்லாகக் கிடக்கும் கல்வெட்டையும் கரையான் அரித்த சுவடியையும் கண்டவர்களுக்கு இந்த எண்ணின் பொருள் உடனே விளங்கும்.

ஏடு போனது, வழிபாடு போகவில்லை. கோபாவின் வாயிலருகே உள்ள மற்றொரு கோபுரத்தை மக்கள் இக்லேசியா, அதாவது தேவாலயம், என்று அழைக்கின்றனர். அதன் முன்னே உருவம் தேய்ந்த கற்பலகை ஒன்று நிற்கிறது. கத்தோலிக்கராக மாறிப் பல தலைமுறைகள் கழிந்த பின்னும், சுற்றுவட்டார மாயா மக்கள் அக்கல்லின் முன் மெழுகுவத்தி ஏற்றி, விளைச்சலும் வேட்டையும் வேண்டி வழிபட்டு வந்தனர். அதனாலேயே அக்கோபுரத்துக்கு அப்பெயர் வந்தது.

கோபாவிலிருந்து வடக்கே ஏறத்தாழ 20 கிலோமீட்டரில் பூந்தா லகூனா என்ற ஏரிக்கரைக் கிராமம். மாயா குடும்பங்களே சுற்றியுள்ள காட்டைக் காத்து வருகின்றன. குரங்கும் பூமாவும் வாழும் வீடு என்று பொருள்படும் மாயாப் பெயரோடு, 2002-இல் அரசு அதைப் பாதுகாக்கப்பட்ட வனமாக அறிவித்தது. கிராமத்தார் ஒருவரே வழிகாட்டியாக முன்னே நடப்பார். சிலந்திக் குரங்குகள் மரஉச்சியில் வாலை ஐந்தாவது கையாகப் பற்றிக்கொண்டு தாவுவதைக் காணக் கழுத்து வலிக்கும்வரை அண்ணாந்து நிற்க வேண்டும். குட்டியை முதுகில் சுமந்து செல்லும் தாயைக் கண்டுவிட்டால் அந்த வலி தெரியாது. காட்டினுள் ஒரு செனோட்டேயும் உண்டு. அதில் இறங்குவதற்கு முன், கோப்பால் என்னும் மரப்பிசினைத் தணலில் இட்டுப் புகைகாட்டி, அனுமதி வேண்டும் வழக்கம் இருக்கிறது. ஏறத்தாழ நம் குங்கிலியத்தின் மணம். செனோட்டேகளில் குளிக்க விரும்புவோர் முதலில் உடலைக் கழுவி, பூசிய களிம்பைப் போக்கிவிட்டு இறங்க வேண்டும் என்று எங்கும் கண்டிப்பாகச் சொல்கிறார்கள். நிலத்தடி நீர் ஊருக்கெல்லாம் பொது அல்லவா.

மாலையில் கிராமத்து வீடு. மாயா வீடு முட்டை வடிவில் அமைந்தது. மரக்கழிகளை நெருக்கி நட்ட சுவர், பனையினத்து ஓலை வேய்ந்த கூரை. உள்ளே கட்டிலுக்குப் பதில் வலைத்தூளி. பகலில் சுருட்டி மேலே செருகிவிடுவார்கள். கொல்லையில், இருபுறமும் அடைத்த குடைந்த மரத்துண்டுகளை அடுக்கிவைத்திருந்தால் அது தேனீ வளர்ப்பு. இத்தேனீக்கு நாட்டுப் பெயர் ஷூனான் காப்; சீமாட்டித் தேனீ என்று சொல்லலாம். கொட்டாது. தேன் நீர்த்தும் இலேசாகப் புளித்தும் இருக்கும். மருந்தாகவே பெரிதும் பயன்படுகிறது.

வீட்டுக்கு அப்பால் மில்பா என்னும் புனக்காடு. மக்காச்சோளம், அவரை, பூசணி மூன்றையும் ஒன்றாக விதைப்பார்கள். அவரைக்கொடி சோளத்தட்டையைப் பற்றி ஏறும். பூசணி இலை தரையை மூடி ஈரம் காக்கும். சில ஆண்டுகள் பயிரிட்டபின் நிலத்தைக் காட்டுக்கே திருப்பிக் கொடுத்துவிட்டு வேறிடம் செல்வார்கள். மரம் வெட்டுமுன் வனத்துக் காவல்தெய்வங்களுக்குச் சோளக்கஞ்சி படைத்து, இவ்வளவு இடம் எடுத்துக்கொள்கிறேன் என்று சொல்லிவிட்டுத்தான் கத்தியை எடுப்பது முறை.

மழை பொய்த்துப் பயிர் வாடினால் சா சாக் என்னும் வேள்வி நடக்கும். ஹ்மென் எனப்படும் பூசாரி, கழிகளும் பசுந்தழையும் கொண்டு மேடை அமைப்பார். மண்ணுக்குள் குழியடுப்பில் சுட்ட அடுக்குச் சோள ரொட்டியும், பால்சே மரப்பட்டையைத் தேனீரில் ஊறவைத்த பானமும் நிவேதனம். மேடையின் நான்கு கால்களருகே நான்கு சிறுவர்கள் அமர்ந்து, பூசாரி மந்திரம் சொல்லச் சொல்ல, தவளைகளைப் போல் கத்துவார்கள். மேடையில் சிலுவையும் இருக்கும், அழைக்கப்படுபவர் சாக். ரிக் வேதத்தின் ஏழாம் மண்டலத்தில் தவளைகளைப் போற்றும் சூக்தம் இருப்பதை அறிந்தவர்கள் அங்கே புன்னகை செய்யலாம். இங்கும் உறவு தேட வேண்டியதில்லை. மழைக்கு ஏங்கியவர்கள் எந்த நாட்டிலும் தவளையின் குரலுக்குக் காது கொடுத்திருப்பார்கள்.

மாயா மக்கள் மறைந்துபோன இனம் என்று எழுதுவோர், இம்மொழியை இன்றும் இத்தீபகற்பத்தில் ஏழரை லட்சத்துக்கு மேற்பட்டோர் பேசுவதை மறந்துவிடுகிறார்கள்.

உணவைப் பற்றி ஒரு சொல். சோள ரொட்டியும் கருப்பு அவரையும் சைவம்தானே என்று நம்பி அமர்ந்துவிடக் கூடாது. அவரையைப் பன்றிக்கொழுப்பில் தாளிப்பது அந்நாட்டில் பரவலான வழக்கம். பயண ஏற்பாடு செய்யும்போதே தெளிவாகச் சொல்லிவைத்தால், கொழுப்பு சேர்க்காமல் வேகவைத்த அவரை, பூசணிவிதைத் துவையல், வெண்ணெய்ப்பழம், பழங்கள் என்று மனமுவந்து தருவார்கள். சோளத்தைச் சுண்ணாம்பு கலந்த நீரில் வேகவைத்து, ஊறியபின் கழுவி அரைப்பதுதான் அவர்களது பக்குவம். சுண்ணாம்பு சேர்வதால் சோளத்தில் அடங்கியுள்ள ஒரு ஊட்டச்சத்து உடலில் சேரும் நிலைக்கு வருகிறது. சோளத்தை மட்டும் கொண்டுபோய் இப்பக்குவத்தைக் கொண்டுபோகாத ஐரோப்பிய நாடுகளில், அச்சத்தில்லாமல் ஏழைகள் தோல்நோயுற்று மடிந்தார்கள்.

சமையற்கூரையின் கீழ், பூத்தையல் இட்ட வெள்ளை அங்கி அணிந்த மூதாட்டி ஒருவர் தாழ்ந்த பலகையில் அமர்ந்து மாவைத் தட்டுவதைக் காணலாம். ஒரு உருண்டை, நாலு தட்டு, வட்டம் விழுந்துவிடும். அவர் முன்னே அடுப்பு. தரையில் வைத்த மூன்று கற்கள், அவற்றின்மேல் வட்டக் கல், கீழே விறகு. கோபாவின் முதற்கற்பலகையில் கண்ட அதே படைப்பு நாளைக் குவாத்தமாலா நாட்டின் கிரிகுவா என்னும் ஊரில் உள்ள மற்றொரு கல்வெட்டும் கூறுகிறது. அன்று தெய்வங்கள் செய்தது என்ன என்பதும் அதில் இருக்கிறது. மூன்று கற்களை நட்டார்கள்.

மூதாட்டி ரொட்டியை வெறுங்கையால் புரட்டிப் போடுகிறார். அது பூரித்து எழுகிறது. முதல் ரொட்டியை விருந்தினர் பக்கம் நகர்த்திவிட்டு அடுத்த உருண்டையை எடுக்கிறார். வெளியே, ஏரியின் பக்கத்திலிருந்து காற்று வீசத் தொடங்குகிறது.