மிளகளவு துவாரம்

நமது மோட்டார் வண்டி 2012-ஆம் வருஷத்தில் பதிவானது, டீசலில் ஓடுவது. முதல் சொந்தக்காரர் அதைத் திருச்சிக்கும் மதுரைக்குமாக ஓட்டிக் களைத்த பிறகு நம்மிடம் விற்றார். நம்மிடம் வந்ததும் அதற்கு வேலை குறைந்து போயிற்று. திருக்கோகர்ணத்திலிருந்து பள்ளிக்கூடம் மூன்று கிலோமீட்டர். காலையில் ஒரு தரம், மாலையில் ஒரு தரம். புதுக்கோட்டையின் வீதிகள் 1878 முதல் 1894 வரை இங்கே அதிகாரம் செலுத்திய சேஷையா சாஸ்திரியார் நூல் பிடித்தாற்போல் அமைத்துக் கொடுத்தவை. குதிரை வண்டிக்கு அவற்றைப் போலச் சௌகரியமான வீதிகள் கிடையா. டீசல் யந்திரத்துக்கோ முனைக்கு முனை பிரேக். உள்ளே சூடேறுவதற்குள் பள்ளிக்கூட வாசல் வந்துவிடும். இப்படியே நாலு வருஷம் ஓட்டினோம். அதற்கு வண்டி சொன்ன பதில்தான் இங்கே நாம் எழுத வந்த விஷயம்.

முதலில் ஒரு சோர்வு தெரிந்தது. நின்ற இடத்திலிருந்து கிளம்பும்போது வண்டி ஒரு கணம் யோசனை செய்யும். பிறகு நிற்கும்போது யந்திரம் குளிர் ஜுரம் கண்டாற்போல் நடுங்க ஆரம்பித்தது. ஒரு நாள் கீழ ராஜ வீதியில் பின்னால் ஸ்கூட்டரில் வந்த மனிதர், முகத்தைத் துடைத்துக்கொண்டே நம்மைக் கடந்து போனார். போகும்போது பார்த்த பார்வையை இன்னும் மறக்கவில்லை. திரும்பிப் பார்த்தால் வீதி முழுவதும் கரும்புகை. மறுநாள் காலை முன் பலகையில் மஞ்சள் விளக்கும் எரிந்தது.

ஊரிலுள்ள ஒரு பட்டறைக்குக் கொண்டு போனோம். அங்கே இருந்த இளைஞர் ஸ்கேனர் என்னும் சிறு பெட்டியை வண்டியோடு இணைத்தார். பெட்டி 0402 என்று ஓர் எண்ணைக் காட்டிற்று.

"ஈ.ஜி.ஆர். வால்வு போய்விட்டது, ஸார். புதிது போட்டால் பதினாலாயிரம் ஆகும். வேண்டாமென்றால் ஒரு தகட்டை வைத்து அடைத்துவிடலாம். ஐந்நூறு ரூபாய் போதும். எல்லாரும் அப்படித்தான் செய்கிறார்கள்" என்றார்.

மோட்டார் சாஸ்திரத்தில் பழக்கமில்லாத வாசகர்களுக்காக இங்கே கொஞ்சம் விளக்க வேண்டும். நாம் சுவாசிக்கும் காற்றில் நூற்றுக்கு 78 பங்கு நைட்ரஜன். வெகு சாதுவான வாயு; யார் வம்புக்கும் போகாது. ஆனால் யந்திரத்துக்குள் எரியும் உஷ்ணம் 1,500 பாகை சென்டிகிரேடைத் தாண்டினால் அதுவும் நிதானம் இழந்து, பிராணவாயுவோடு சேர்ந்து நைட்ரஜன் ஆக்ஸைடாகிவிடுகிறது. இது கரும்புகையைப் போலக் கண்ணில் படுவதில்லை. மூச்சுக் குழலைப் புண்ணாக்கும். ஆஸ்த்மாக்காரர்களைப் படுத்தி வைக்கும். வெயிலில் வேறு ஆவிகளோடு சேர்ந்து தரையோரத்தில் ஓஸோனை உண்டாக்கும்.

இதைக் குறைப்பதற்கு எஞ்சினியர்கள் கண்ட உபாயம் எளிதானது. வெளியே போகும் புகையில் ஒரு பங்கைத் திருப்பி, புதுக் காற்றோடு கலந்து மறுபடியும் உள்ளே அனுப்புகிறார்கள். எரிந்து தீர்ந்த புகையில் பிராணவாயு குறைவு. உஷ்ணத்தைத் தாங்கிக்கொள்ளும் ஆவிகள் அதிகம். தணலின் மேல் சாம்பலைப் போர்த்தினால் ஜ்வாலை அடங்குவது போல் உள்ளே சூடு அடங்கிவிடும். எவ்வளவு புகை திரும்பலாம், எப்பொழுது திரும்பலாம் என்று கதவைத் திறந்து மூடுகிற வாயிற்காப்போன்தான் ஈ.ஜி.ஆர். வால்வு. வண்டி மெதுவாகப் போகையில் கதவு திறந்திருக்கும். முழுப் பலமும் வேண்டும் என்று மிதித்தால் மூடிக்கொள்ளும். மூட வேண்டிய சமயத்தில் மூடாவிட்டால், யந்திரம் தன் புகையையே தின்று திணறும். நமது வண்டியின் வியாதி இதுதான். 0402 என்பதற்கும் அதுவே பொருள்: திரும்பி வரும் புகை அளவுக்கு மிஞ்சிவிட்டது.

பதினாலாயிரம் எங்கே, ஐந்நூறு எங்கே? மாதக் கடைசி வேறு. தகட்டையே போடச் சொன்னோம். அந்த இளைஞர் கெட்டிக்காரர். தகட்டின் நடுவில் மிளகளவு ஒரு துவாரம் போட்டார். "எதற்கு அப்பா?" என்று கேட்டோம். "முழுக்க அடைத்தால் வண்டியின் கம்ப்யூட்டர் கண்டுபிடித்து விளக்கை எரிய விடும், ஸார். கொஞ்சம் புகை போய்க்கொண்டிருந்தால் சும்மா இருந்துவிடும்" என்றார்.

எட்டு மாதம் வண்டி பிரமாதமாக ஓடியது. நடுக்கம் இல்லை, கரும்புகை இல்லை, விளக்கும் இல்லை. புகைப் பரிசோதனைக்குக் கொண்டு போனோம். டீசல் வண்டிக்கு அங்கே அளப்பது புகையின் அடர்த்தி ஒன்றைத்தான். பாரத் ஸ்டேஜ் நாலுக்கு முற்பட்ட நமது வண்டிக்கு வரம்பு 2.45, கருவி காட்டியது 0.98. நைட்ரஜன் ஆக்ஸைடை அளக்க அங்கே கருவி இல்லை. விதியும் அதைக் கேட்பதில்லை. முத்திரை பதித்த சான்றிதழைக் கண்ணாடிக்குப் பின்னால் வைத்துக்கொண்டு ஊரைச் சுற்றினோம்.

பிறகு ஒரு நாள் வகுப்பில் காற்று மாசு பற்றிப் பாடம் நடந்தது. பாடப் புத்தகத்தோடு நில்லாமல் ஒரு கதை சொல்லும் வழக்கம் நமக்கு உண்டு. அன்று ஃபோக்ஸ்வாகன் கதையைச் சொன்னோம். அமெரிக்காவில் மேற்கு வர்ஜீனியா சர்வகலாசாலையைச் சேர்ந்த ஒரு சிறு கூட்டம், 2013-இல், டீசல் கார்களின் டிக்கியில் அளவு கருவிகளை ஏற்றிக்கொண்டு சாலையிலேயே ஓட்டிப் பார்த்தது. ஒரு காரை லாஸ் ஏஞ்சல்ஸிலிருந்து சியாட்டில் வரைக்கும் கொண்டு போய்த் திரும்பினார்கள். பரிசோதனைச் சாலையில் பரம சாதுவாக இருந்த கார்களில் ஒன்று, வெளியே சாலையில் அனுமதித்த அளவைப் போல் 15 முதல் 35 மடங்கு வரை நைட்ரஜன் ஆக்ஸைடைக் கக்கியது! 2014-இல் அவர்களுடைய அறிக்கை வந்தது. 2015 செப்டம்பர் 18-ஆம் தேதி அமெரிக்க சர்க்கார் குற்றச்சாட்டை வெளியிட்டது. பரிசோதனை நடக்கிறதா, சாலையில் ஓடுகிறதா என்று தானே கண்டுகொண்டு, பரிசோதனையின்போது மட்டும் ஒழுங்காக நடக்கும்படி அந்தக் கார்களின் கம்ப்யூட்டருக்குக் கம்பெனியே சொல்லிக் கொடுத்திருந்தது. உலகம் முழுவதும் ஒரு கோடியே பத்து லட்சம் வண்டிகளில் இந்த ஏற்பாடு இருந்ததாகப் பின்னர் அதுவே ஒப்புக்கொண்டது.

"அந்தச் சிறு கூட்டத்தில் யார் இருந்தார், தெரியுமா? அரவிந்த் திருவேங்கடம் என்பவர். சென்னைப் பல்கலைக் கழகத்தில் படித்தவர். பெங்களூர்க்காரரான ஹேமந்த் கப்பண்ணா என்பவரும் இருந்தார். உலகத்தின் மிகப் பெரிய மோட்டார் கம்பெனிகளில் ஒன்றின் பொய்யை நம்மவர்கள் வெளிக்கொண்டு வர உதவினார்கள்" என்று சொன்னபோது நமக்கே மார்பு கொஞ்சம் விரிந்தது. பையன்கள் கை தட்டினார்கள். கம்ப்யூட்டரை ஏமாற்றி, பரிசோதனையில் தேறி, வெளியே நஞ்சைக் கக்குகிற வண்டி என்று கரும்பலகையில் எழுதிக்கொண்டே போனோம். எழுதி முடிக்கும்போதுதான் அந்த மிளகளவு துவாரம் ஞாபகத்துக்கு வந்தது. ஜன்னலுக்கு வெளியே வேப்ப மரத்தடியில் நமது வண்டி நின்றுகொண்டிருந்தது. மிச்சப் பாடத்தை எப்படி நடத்தினோம் என்று நமக்கே தெரியாது.

அந்தச் சனிக்கிழமை வேறொரு பட்டறைக்குப் போனோம். அதை நடத்தும் பெரியவரை ஊரில் எல்லாரும் பாய் என்றுதான் அழைப்பார்கள். விஷயத்தைச் சொல்லித் தகட்டை எடுக்கச் சொன்னோம். பாய் சிரித்தார்.

"ஸார், நானே எத்தனையோ வண்டிக்குத் தகடு போட்டவன். எடுத்துவிடச் சொல்லி வந்தவர் நீங்கள்தான். எடுத்தால் பழைய வியாதி திரும்புமே?"

"திரும்பட்டும், பாய். வியாதி இன்னதென்று பாருங்கள்."

வாடகைக் கார் ஓட்டிப் பிழைப்பவர்கள் தகடு போட்டால் அவர்களை வைவதற்கு நமக்கு மனம் வரவில்லை. ஒரு நாள் வண்டி நின்றால் அன்றைக்கு அடுப்பு எரியாது. மாதச் சம்பளக்காரராகிய நமக்கு அந்தச் சாக்குக் கிடையாது.

தகட்டை எடுத்ததும் அரை மணி நேரத்தில் நடுக்கம் வந்துவிட்டது. பாய் ஸ்கேனரைப் போட்டு அதே எண்ணைப் பார்த்தார். பிறகு சொன்னதை நாம் குறித்து வைத்திருக்கிறோம்.

"இந்தப் பெட்டி 'புகை அதிகமாக உள்ளே போகிறது' என்று மட்டும்தான் சொல்கிறது, ஸார். 'வால்வு கெட்டுவிட்டது' என்று சொல்லவில்லை. அதை நாமாகச் சேர்த்துக்கொள்கிறோம்."

நமது வண்டியைப் போன்ற பழைய வண்டிகளில் வால்வை மின்சாரம் நேராகத் தூக்குவதில்லை. யந்திரத்தோடு சுழலும் ஒரு பம்பு காற்றை உறிஞ்சுகிறது. அந்த உறிஞ்சல் ஒரு ரப்பர் குழாய் வழியாக வந்து, வால்வின் தலையிலுள்ள ரப்பர்ச் சவ்வை மேலே இழுக்கிறது; கதவு திறக்கிறது. எவ்வளவு உறிஞ்சல் போகலாம் என்பதை நடுவிலுள்ள ஒரு மின்சார ஸொலனாய்டு தீர்மானிக்கிறது. பாய் யந்திரத்தை ஓட விட்டு, வால்விலிருந்து அந்தக் குழாயைப் பிடுங்கி, முனையை விரலால் அடைத்தார். நடுக்கம் பாதி குறைந்தது. முழுவதும் நின்றிருந்தால் வால்வின்மீது குற்றமில்லை. சற்றும் குறையாதிருந்தால் குற்றம் வால்வினுடையதே. பாதி குறைந்ததால் குற்றவாளிகள் இருவர் என்றார்.

முதல் குற்றவாளியை ஸொலனாய்டில் பிடித்தார். வால்வு மூட வேண்டுமானால் குழாயிலுள்ள உறிஞ்சல் விடுபட வேண்டும்; அதற்கு வெளிக்காற்று உள்ளே வர ஒரு சின்ன வாய் உண்டு. தூசியைத் தடுக்க அதில் விரல் நுனியளவு பஞ்சு வைத்திருக்கிறார்கள். நமது ஜில்லாவின் செம்மண்ணும் கல் குவாரித் தூளும் அந்தப் பஞ்சை இட்டிலி மாதிரி கெட்டியாக்கியிருந்தன. காற்று வர வழியில்லை. ஆகவே வால்வு தொங்கிக்கொண்டே இருந்தது. கழுவி, ஊதி, உலர்த்தி வைத்தார். செலவு ஒரு காசும் இல்லை.

இரண்டாவது, வால்வேதான். கையால் இயக்கும் உறிஞ்சு பம்பை அதோடு பொருத்தினார். முள் ஏறி நின்றது, இறங்கவில்லை. ஆகவே சவ்வில் ஓட்டை இல்லை. ஆனால் உறிஞ்சலை விட்டதும் தண்டு, விடியற்காலையில் எழுப்பிய பையனைப் போல, மெல்ல மெல்லத்தான் கீழே வந்தது. கழற்றிப் பார்த்தால் தார்! கரித்தூளும், யந்திரத்தின் அடியறையிலிருந்து வரும் எண்ணெய் ஆவியும் கலந்து, குளிர்ந்த யந்திரத்தில் ஒட்டி ஒட்டி உண்டான பிசின். காற்று போகும் மேனிஃபோல்டையும் கழற்றியாக வேண்டும் என்றார் பாய். இருந்த இடத்திலேயே சுரண்டினால் கரிக்கட்டி சிலிண்டருக்குள் விழுந்து பெருஞ்செலவு வைக்கும். அதன் வாய்களில் ஒன்றில் நமது கட்டை விரல்தான் நுழைந்தது. மூன்று கிலோமீட்டர் பிரயாணங்களின் நாலு வருஷக் கணக்கு அங்கே எழுதியிருந்தது. காற்று வடிகட்டியை எடுத்து வெளிச்சத்துக்கு நேரே பிடித்துக் காட்டினார். வெளிச்சம் தெரியவில்லை. கடைசியாக எப்போது மாற்றியது என்று அவர் கேட்கவில்லை. அது அவருடைய மரியாதை.

ஒரு பகல் முழுவதும் சுரண்டல். துப்புரவு திரவத்தை அடித்து, மரக்குச்சியாலும் பிரஷ்ஷாலும் தேய்த்தார். சவ்வின்மேல் ஒரு சொட்டும் படவிடவில்லை. பட்டால் ரப்பர் ஊதிப் போகுமாம். சுரண்டிக்கொண்டே பழங்கதை பேசினார். "எங்கள் அத்தா கரி பஸ்ஸில் கிளீனராக இருந்தவர், ஸார். விடியுமுன்னே எழுந்து அடுப்பு மூட்டி, வடிகட்டியிலே உள்ள கரியைத் தட்டினால்தான் பஸ் புறப்படும்." இரண்டாம் உலக யுத்தத்தில் பெட்ரோல் கிடைக்காமல் போனபோது, டி. வி. சுந்தரம் ஐயங்கார் தமது பஸ்களுக்காகவே கரிவாயு யந்திரம் ஒன்றை மதுரையில் செய்வித்தார். பிற நாட்டு எண்ணெய் வராவிட்டாலும் பஸ்கள் ஓடின. அந்தக் காலத்துக் கிளீனர் தினந்தோறும் செய்த வேலையை நாம் நாலு வருஷத்துக்கு ஒரு தரம்கூடச் செய்யவில்லை.

புதுப் பாக்கிங்குகள் வைத்துப் பூட்டினார். கூலி, பாக்கிங், வடிகட்டி, திரவம் எல்லாம் சேர்ந்து நாலாயிரத்து நூறு ரூபாய். ஒரு வாரம் கழித்து வரச் சொல்லி, சூட்டில் தளர்ந்திருந்த போல்ட்டுகளை மறுபடி முறுக்கிவிட்டார். அதற்குக் காசு வாங்கவில்லை. "ஞாயிற்றுக்கிழமை கீரனூர் வரைக்குமாவது ஓட்டிவிட்டு வாருங்கள். யந்திரம் நன்றாகச் சூடேறினால்தான் கரி சேராது" என்றார். பள்ளிக்கூடத்துக்கு இப்போது பெரும்பாலும் சைக்கிளிலேயே போகிறோம். ஞாயிற்றுக்கிழமைகளில் கீரனூர், சில சமயம் சித்தன்னவாசல். வீட்டில் உள்ளவர்களுக்கு இந்த வைத்தியம் மிகவும் பிடித்திருக்கிறது.

மஞ்சள் விளக்கு அதற்குப் பிறகு எரியவில்லை. சான்றிதழ்த் தவணை வந்தபோது அதே நிலையத்துக்குப் போனோம். இந்தத் தடவை கருவி காட்டியது 1.04, தகடு இருந்தபோது இருந்ததைவிடச் சற்று அதிகம். பரிசோதித்தவர் பழைய சான்றிதழையும் புதியதையும் பார்த்துவிட்டு, "போன தடவை இன்னும் நன்றாக இருந்ததே, ஸார்" என்றார்.