நாலு போட்டால் ஒன்று

எருமைத் தயிர்ச்சட்டிக்கென்று ஒரு மணம் இருக்கிறது. சுட்ட மண்ணும் இளம்புளிப்பும் வாய்கட்டிய வாழையிலையின் பச்சை வாசமும் கலந்த அந்த மணத்தோடுதான் ஆரையம்பதியில் எங்கள் வீட்டுக்குப் பொழுது விடியும். படுவான்கரைப் பட்டிக்காரர் இருட்டோடு மண்முனைத் துறைக்கு வந்து, சைக்கிளும் நெல்மூட்டையும் ஆட்களும் நெருக்கியடித்து நிற்கிற, பாதை என்கிற மிதவையில் ஏறி, வாவியைக் கடந்து, காவுதடி கிறீச்சிட எங்கள் படலையடியில் வந்து நிற்பார். பொழுது படுகிற கரையின் தயிரைத் தின்றுதான் பொழுது எழுகிற கரைப் பிள்ளைகள் நாங்கள் வளர்ந்தோம்.

பெத்தாச்சி ஒவ்வொரு சட்டியையும் விரல்முட்டியால் தட்டி, ஓசையைக் கேட்டு, கீறல் இல்லையென்றால்தான் இறக்கி வைப்பா. சட்டிக்கு நாலு ரூபா. கொட்டப்பெட்டியிலிருந்து காசை எண்ணிக் கொடுத்துவிட்டு, அடுப்புக்கரியால் சுவரில் ஒரு கோடு. விற்பது ஐந்து ரூபாவுக்கு. பள்ளிக்கூடம் போகாத மனுஷி. அந்தக் கரிக்கோடுகள்தான் அவவுடைய கணக்குக் கொப்பி.

எங்கள் கணக்கு சேர் அந்தக் காலத்தில்தான் கரும்பலகையில் எழுதினார்: 25 வீத இலாபத்தில் ஒரு பொருள் 5 ரூபாவுக்கு விற்கப்பட்டால் கொள்விலை என்ன? விற்ற விலையை 100-ஆல் பெருக்கி 125-ஆல் வகுக்க வேண்டும். ஏன் 125 என்று நான் கேட்கவில்லை. மந்திரம் கிடைத்த பிள்ளைக்கு விளக்கம் எதற்கு? வாய்க்குள் முணுமுணுத்துக்கொண்டே வீட்டுக்கு வந்து, அதே கணக்கைப் பெத்தாச்சியிடம் போட்டேன். வெற்றிலையை மடித்துக்கொண்டே சொன்னா: “இதென்ன மனே பெரிய கணக்கு? நாலு போட்டன், ஒண்டு வந்திச்சு, அஞ்சாப் போச்சு. அஞ்சக் கூறு போட்டா நாலு கூறு முதல், ஒரு கூறு நமக்கு.”

பக்கத்தில் இருந்த மச்சான் விடவில்லை. ஐந்து ரூபாவில் கால்வாசி ஒன்றேகால், அதைக் கழித்தால் மூன்றே முக்கால்தானே என்றான். பெத்தாச்சி சிரித்தா. “அப்ப பட்டிக்காரன்ட மிச்சக் கால் ரூபாவ நீ குடு. முதலுக்குத்தான்டா லாபம். வித்த காசுக்குப் பாத்தா, லாபத்துக்கும் லாபம் கேக்கிற கத.”

சேருடைய 125-க்குள் இருந்ததும் இதுதான்: முதல் நூறு, அதன்மேல் இலாபம் இருபத்தைந்து. 20 வீதமென்றால் ஆறு கூறில் ஐந்து முதல். 50 வீதமென்றால் மூன்று கூறில் இரண்டு. மழைநாளில் பாதையில் சட்டி ஒன்று உடைந்தால், பட்டிக்காரரும் பெத்தாச்சியும் ஆளுக்குப் பாதி நட்டம் ஏற்பார்கள். அவவின் பாதியும் அன்றைய முதலில் சேர்ந்துவிடும். அதைச் சேர்க்காமல் சொல்கிற இலாபம் வாயால் வருகிற இலாபம் என்பா.

அதற்குப் பிறகு என்னைக் கடைத்தெருவுக்குக் கூட்டிப்போவது அம்மாவுக்கு ஒரு சோதனையாகிப்போனது. காத்தான்குடிப் புடவைக்கடையில் 18 ரூபாச் சாரத்தைப் பார்த்ததும், “அம்மா, இதுட முதல் 15 ரூபாதான்” என்று ஊருக்கே கேட்கிற மாதிரி இரகசியம் சொன்னேன். கடை முதலாளி அளவுகோலைக் கீழே வைத்துவிட்டு, “மகன், லாபம் 20 வீதமெண்டு யாரு ஒங்களுக்குச் சொன்ன? 50 வீதமெண்டா முதல் 12 ரூபால்லவா?” என்றார். வீதம் தெரியாதவனுக்கு விலை மட்டும் ஒன்றும் சொல்லாது. வெட்கத்தில் நான் அம்மாவின் சேலைக்குள் புகுந்தேன். அவர் சிரித்துக்கொண்டே ஒரு ரூபா குறைத்துக் கொடுத்தார்.

மண்முனையில் 2014-இல் பாலம் வந்துவிட்டது. பாதைக்குக் காத்து நிற்கிற வேலை இப்போது இல்லை. கணக்கும் கொஞ்சம் மாறியிருக்கிறது. இன்று பெரிய கடைகள் பலவற்றில் இலாப வீதத்தை விற்ற விலையிலிருந்தே பார்க்கிறார்கள். பெத்தாச்சியின் அதே ஒரு ரூபா அங்கே 20 வீதம், அவவின் கொட்டப்பெட்டியில் 25 வீதம். இரண்டும் சரிதான். ஆகவே, யாராவது உங்களிடம் இத்தனை வீத இலாபம் என்று சொன்னால், வகுக்கத் தொடங்குமுன், எந்தக் காசுக்கு என்று ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள்.