வடுகவழியில் ஒரு நாள்

காலை ஆறு மணி. நகரியின் விசைத்தறிகள் இன்னும் முழு வேகம் பிடிக்கவில்லை. டீக்கடை வாசலில் நிற்கும் வேனுக்குப் பின்னால், ஊரின் அடையாளமான மலை மூக்கை நீட்டிக்கொண்டிருக்கிறது. ஒரு காலத்தில் பழவேற்காட்டுப் பக்கம் கடலில் வந்த மாலுமிகள் கரையை அடையாளம் காண இந்த மலையைத்தான் தேடினார்கள். ஆங்கிலேயர் இதற்கு வைத்த பெயரே 'நகரி மூக்கு'.

"காடு, புலி, அருவின்னு நினைச்சு யாராவது வந்திருந்தா இப்பவே சொல்லிடுங்க. கைலாசகோனா அருவிக்கு வழி சொல்லி அனுப்பிடறேன். நாம போறது வயக்காட்டுக்கு." வேனில் இருக்கும் ஏழு பேரையும் பார்த்து இப்படி எச்சரிப்பவர் வழிகாட்டி. 67 வயது, ஓய்வுபெற்ற தமிழாசிரியர், கையில் பிளாஸ்க், தோளில் துணிப் பை. பைக்குள் ஒரு டார்ச்சும் சுண்ணாம்புக் கட்டியும். சுண்ணாம்புக் கட்டி பழக்க தோஷம்தான். கல்வெட்டின் மீது ஒரு புள்ளிகூட வைக்க மாட்டார். எழுத்து எழுதிக் காட்ட மட்டும் அது. மாதத்துக்கு ஒரு ஞாயிறு இந்தப் பயணத்தை நடத்துகிறார். வண்டிச் செலவையும் சாப்பாட்டுச் செலவையும் எல்லோரும் பங்கு போட்டுக்கொள்ள வேண்டும். அவருக்கென்று எதுவும் வாங்குவதில்லை.

ஏழு பேரும் முந்தின நாளே திருமலையில் தரிசனம் முடித்துவிட்டவர்கள். பெங்களூரிலிருந்து ஓய்வுபெற்ற வங்கி அதிகாரியும் மனைவியும். மும்பை மாட்டுங்காவிலிருந்து ஒரு பாட்டியும் கல்லூரியில் படிக்கும் பேத்தியும். சென்னையிலிருந்து மூன்று பொறியியல் மாணவர்கள். ஓட்டுநர் நகரிக்காரர், 28 வயது, நெசவுக் குடும்பம். வழிகாட்டியை 'சார்' என்றும் பாட்டியைப் பார்த்த ஐந்தாவது நிமிடத்திலேயே 'பாட்டிம்மா' என்றும் அழைக்கிறார்.

புத்தூர் வருகிறது. எலும்பு முறிவுக்குப் பச்சிலைக் கட்டுப் போடும் ஊர். அந்தக் கட்டு இரு மாநிலங்களிலும் பிரசித்தம். சீனிவாசப் பெருமாளுக்கும் பத்மாவதித் தாயாருக்கும் திருமணம் நடந்ததாகப் புராணம் சொல்லும் நாராயணவனத்தில் அரை மணி நேரம். கல்யாணத்துக்கு மாவரைத்த திருகைக் கல் என்று காட்டப்படும் பெரிய கல்லைப் பார்த்து, "எத்தனை பேருக்குச் சமையலோ!" என்று பாட்டி வியக்கிறார். வழிகாட்டி இங்கே அதிகம் பேசுவதில்லை. அவர் மனம் ஏற்கெனவே ரேணிகுண்டாவைத் தாண்டிப் போய்விட்டது.

வேன் மறுபடி நெடுஞ்சாலை ஏறியதும்தான் தொடங்குகிறார். "இந்த ரோட்டுக்கு ஆயிரத்து நூறு வருஷத்துக்கு முன்னாடி என்ன பேரு தெரியுமா?" யாருக்கும் தெரியவில்லை. பல்லவர்களுக்கும் சோழர்களுக்கும் கீழே இந்தப் பக்கத்தை ஆண்டவர்கள் பாணர்கள். அவர்கள் கல்வெட்டுகளில் அவர்களது நாட்டின் பெயர் 'வடுகவழி மேற்கு'. வடுகர் என்றால் தெலுங்கர். அவர்கள் நாட்டுக்குப் போகும் வழிக்கு மேற்கே இருக்கும் நிலம் என்று பொருள். "சரியா இந்த ரோடுதானான்னு கேக்காதீங்க. ஆனா இந்தத் திசைதான். அந்தக் காலத்துலயே இது ரெண்டு பாஷை மண்ணு. கோடு மட்டும் அப்புறம் போட்டாங்க."

கோடு 1953 அக்டோபர் 1-ம் தேதி ஆந்திர மாநிலம் பிறந்தபோது விழுந்தது. சித்தூர் மாவட்டம் முழுதும் அந்தப் பக்கம் போயிற்று. ம.பொ.சி. முன்னின்று நடத்திய வடக்கெல்லைப் போராட்டத்துக்குப் பின் 1960 ஏப்ரல் 1-ம் தேதி கோடு திருத்தப்பட்டது. திருத்தணி தமிழ்நாட்டுக்கு வந்தது. பதிலுக்குத் தமிழ்நாட்டின் சில பகுதிகள் ஆந்திரத்துக்குப் போயின. நகரியும் புத்தூரும் இருந்த இடத்திலேயே இருந்தன. 2022-ல் சித்தூர் மாவட்டமும் பிரிக்கப்பட்டபோது புத்தூர் புதிய திருப்பதி மாவட்டத்துக்குப் போக, நகரி சித்தூரோடு நின்றது. "நான் ஒரே வீட்லதான் பொறந்து வளர்ந்து வயசானேன். அட்ரஸ்தான் மாறிக்கிட்டே இருக்கு" என்கிறார் ஆசிரியர். குறையாக அல்ல, வேடிக்கையாகவே.

ரேணிகுண்டாவில் மற்ற வண்டிகள் எல்லாம் திருப்பதிப் பக்கம் திரும்ப, வேன் எதிர்த் திசையில் போகிறது. அடுத்தது பாப்பாநாயுடுப்பேட்டை. பெயரைக் கேட்டால் சாதாரண ஊர். மணிகளை ஆராய்ந்த அமெரிக்கர் பீட்டர் பிரான்சிஸ் இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இங்கே வந்து அசந்துபோனார். உருகிய கண்ணாடியை நீளமான குழாயாக இழுத்து, துண்டு துண்டாக நறுக்கி மணியாக்கும் முறையை இங்குள்ள உலைகளில் அவர் கண்டார். இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன் புதுச்சேரிக்கு அருகே அரிக்கமேட்டில் செய்யப்பட்ட மணிகளும் இப்படி இழுத்து நறுக்கியவையே. அவ்வகைச் சிறு மணிகள் கடல் கடந்து, மேகாங் ஆற்றின் முகத்துவாரத்திலுள்ள ஓக் ஏவோ துறைமுகம் வரை கிடைத்திருக்கின்றன. அது கம்போடிய அரசுகளுக்கெல்லாம் முன்னோடியான புனான் நாட்டின் துறைமுகம்.

கம்போடியா என்ற சொல்லைக் கேட்டதும் வங்கி அதிகாரி நிமிர்ந்து உட்காருகிறார். போன வருடம்தான் அவரும் மனைவியும் அங்கே போய் வந்தார்கள். அங்கோர் வாட்டோடு நிற்காமல், சியம் ரீப்பிலிருந்து காரில் காட்டுக்குள் கோ கெர் வரை ஒரு நாள் பயணம். பத்தாம் நூற்றாண்டில் நான்காம் ஜெயவர்மன் தலைநகராக வைத்திருந்த இடம் அது. ஏழு அடுக்குப் பிரமிட். அதன் உச்சியில் ஒரு பெரிய லிங்கம் இருந்ததாகக் கல்வெட்டுகள் சொல்கின்றன. இப்போது லிங்கம் இல்லை. உள்நாட்டுப் போரின் ஆண்டுகளில் சிலைகளையும் பெயர்த்துக்கொண்டு போனார்கள். அவற்றில் ஒன்றான துரியோதனன் 2014-ல்தான் அமெரிக்காவிலிருந்து திரும்பி வந்தான். "கண்ணிவெடி எடுத்த பாதை, அதனால பாதையை விட்டு இறங்காதீங்கன்னு கைடு சொல்லிட்டே இருந்தார். பிரமாதமான இடம். ஆனா லிங்கம் இருந்த இடத்துல ஆகாசம்தான் இருந்தது" என்கிறார் மனைவி.

"இங்க லிங்கம் இருக்கு. ஆளுங்கதான் இல்லே" என்கிறார் வழிகாட்டி.

குடிமல்லத்தில் வேன் நிற்கிறது. வயல், தென்னை, ஓட்டு வீடுகள், ஒரு மதில். பக்கத்தில் சொர்ணமுகி ஆறு. வெளியிலிருந்து பார்த்தால் இதற்கா இவ்வளவு தூரம் என்று தோன்றும். மாணவர்களின் முகத்தில் அது அப்பட்டமாகத் தெரிகிறது. விமானம் பின்பக்கம் வளைந்து, படுத்திருக்கும் யானையின் முதுகு போல இருக்கிறது. தமிழில் தூங்கானை மாடம் என்பார்கள். உள்ளே போகப் போகத் தரை தாழ்கிறது. கருவறை, முன்மண்டபத்தைவிடப் பள்ளத்தில் இருக்கிறது. தெலுங்கில் 'குடிபள்ளம்', அதாவது பள்ளத்துக் கோவில், என்பதே குடிமல்லம் ஆயிற்று என்று ஒரு விளக்கம் உண்டு.

அர்ச்சகர் தீபத்தை உயர்த்துகிறார். பேத்தியின் கை தன்னையறியாமல் பாட்டியின் தோளைப் பிடிக்கிறது.

சுமார் ஐந்தடி உயரம். பளபளக்கும் கரும்பழுப்புக் கல். வழக்கமான லிங்கம் போல மழுப்பிய வடிவம் அல்ல. ஆண்குறியின் உருவம் ஒளிவுமறைவின்றிச் செதுக்கப்பட்டிருக்கிறது. அதன் முன்பக்கத்தில் சிவன் நிற்கிறார், குள்ளமான ஒரு யட்சனின் தோள்களின் மேல். வலக்கையில் தலைகீழாகத் தொங்கும் ஆடு (மான் என்பாரும் உண்டு), இடக்கையில் சிறு கலம், தோளில் சாய்த்த பரசு. பூணூல் இல்லை. நெற்றிக்கண் இல்லை. இடுப்புத் துணியின் மெல்லிய மடிப்பைக்கூடச் சிற்பி விடவில்லை. வேட்டையிலிருந்து திரும்பும் ஓர் இளைஞனைப் போல இருக்கிறார்.

திருவாங்கூர் தொல்லியல் துறையிலிருந்த டி.ஏ. கோபிநாத ராவ், 1916-ல் வெளிவந்த தமது சிற்பநூல் தொகுதியில் இந்த லிங்கத்தைக் கி.மு. இரண்டாம் நூற்றாண்டு என்று கணித்து உலகத்துக்கு அறிமுகம் செய்தார். சிலர் அதற்கும் முன்னே போகிறார்கள். வேறு சிலர் கி.பி.க்கு இறக்குகிறார்கள். இந்தியாவில் இன்றும் நிற்கும் மிகப் பழைய லிங்கங்களில் ஒன்று என்பதில் யாருக்கும் சண்டை இல்லை. 1954-ல் மத்தியத் தொல்லியல் துறை கோவிலைப் பொறுப்பேற்றது. 1973-ல் ஐ.கே. சர்மா தலைமையில் அகழ்ந்தபோது, லிங்கத்தைச் சுற்றிச் சதுரமான கல்வேலி வெளிப்பட்டது. சாஞ்சியிலும் அமராவதியிலும் பௌத்த ஸ்தூபிகளைச் சுற்றி இருப்பதைப் போன்ற வேலி. அதாவது முதலில் கூரை இல்லை. வெட்டவெளியில் நின்ற சாமி. பிறகு செங்கல் கோவில், அதற்குப் பின் கல் கோவில். 2005-ல் கருவறைக்குள் தரையிலிருந்து தண்ணீர் பொங்கி லிங்கத்தை மூழ்கடித்துவிட்டு வடிந்த கதையை ஊரார் சொல்கிறார்கள். அறுபது ஆண்டுக்கு ஒருமுறை அப்படி நடக்கும் என்பது அவர்கள் நம்பிக்கை. ஆறு பக்கத்திலும் கருவறை பள்ளத்திலும் இருந்தால் தண்ணீர் வராமல் என்ன செய்யும் என்று மாணவர்களில் ஒருவர் கேட்கிறார். "வரும். ஆனா நீங்க பாத்துட்டிருக்கும்போது வந்தா கும்பிடுவீங்க" என்று பாட்டி வாயடைக்கிறார்.

பெரும்பாலான பயணிகள் இத்தோடு கிளம்பிவிடுவார்கள். ஆசிரியரின் பயணமோ இங்கேதான் ஆரம்பம். எல்லோரையும் வெளியே அழைத்து வந்து சுவரோரம் நிறுத்தி டார்ச்சைச் சாய்த்துப் பிடிக்கிறார். பக்கவாட்டில் விழும் ஒளியில் வெறும் கல்லாக இருந்தது எழுத்தாகிறது. தமிழ் எழுத்து.

"புள்ளி இருக்காது. 'க'வா 'க்'கான்னு நாமதான் முடிவு பண்ணணும். எகரம் குறிலா நெடிலான்னும் சொல்ல மாட்டான். மெதுவாப் போங்க." மாணவர்கள் மூவரும் கல்லருகே முகத்தைக் கொண்டுபோய்த் திக்குகிறார்கள். ஐந்து நிமிடத்தில் ஒருவர் 'திரு' என்கிறார். பத்து நிமிடத்தில் 'மாதேவர்'. கைதட்டல்.

இந்தக் கல்வெட்டுகளில் பரசுராமேஸ்வரர் என்ற இன்றைய பெயரே கிடையாது. ஊர் திருவிப்பிரம்பேடு, சாமி, திருவிப்பிரம்பேட்டு மாதேவர். பல்லவர், பாணர், சோழர் காலங்களில் மக்கள் கொடுத்த நிலம், பொன், பசு, அவற்றால் எரிய வேண்டிய விளக்கு என்று ஊர்க் கணக்கு நீள்கிறது. கல்வெட்டு அறிஞர் வெங்கய்யா இங்குள்ள ஐந்து பாணர் கல்வெட்டுகளைத் தனியாகவே பதிப்பித்தார். விக்கிரம சோழனின் ஒன்பதாம் ஆட்சியாண்டில், 1126-ல், கோவில் கல்லால் புதுப்பிக்கப்பட்டதும் கல்லிலிருந்தே தெரிகிறது. லிங்கத்தின் வயதைச் சொல்லப் படங்கள் போதும். அதற்கு விளக்கேற்றியவர்கள் யாரென்று சொல்வதற்கு இந்தச் சுவர்தான் இருக்கிறது.

எந்த எழுத்து எங்கே, அதில் என்ன என்று வருகிறவர்களுக்குப் படித்துக் காட்ட ஓர் ஆளைத் தயார் செய்வது தொல்லியல் துறைக்குப் பெரிய காரியமாக இருக்க முடியாது. தெலுங்கில் சொன்னால் போதும். உள்ளூர்ப் பிள்ளைகளே சொல்வார்கள். கோவிலைத் தலைமுறை தலைமுறையாகக் காப்பாற்றி வைத்திருப்பவர்கள் அவர்கள்தானே.

வேனுக்குத் திரும்பும்போது பேத்தி தயங்கிக்கொண்டே ஓட்டுநரிடம் கேட்கிறார்: "அண்ணா, உங்களுக்குப் படிக்க வந்துச்சா?"

"எங்கம்மா! வீட்ல பேசறது தமிழ்தான். ஸ்கூல்ல தெலுங்கு மீடியம். எழுத்து தெரியாது."

"எனக்கும்தான். ஹிந்தியும் இங்கிலீஷும்தான் வரும்."

பாட்டி எதையும் சொல்லாமல் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்கிறார்.

காளஹஸ்தியில் சாப்பாடு. கோபுர வாசலில் கூட்டம் அலைமோத, வழிகாட்டி யாரையும் உள்ளே போக விடவில்லை. "அது தனியா ஒரு நாள்" என்கிறார். மாலை வெயிலில் தொண்டமநாடு பக்கம் கோதண்டராமேஸ்வரம். பெயரைக் கேட்டு ராமர் கோவில் என்று வருகிறவர்கள் உண்டு. கோதண்டராமன் என்பது முதலாம் ஆதித்த சோழனின் பட்டப்பெயர். பல்லவ அபராஜிதனை வென்று தொண்டை நாட்டைச் சோழர் கையில் கொண்டு வந்தவன், 907-ல் இந்தத் தொண்டைமான் ஆற்றூரில்தான் இறந்தான். மகன் பராந்தகன் எடுப்பித்த பள்ளிப்படை இது. தஞ்சைப் பெரிய கோவிலுக்கு நூறு ஆண்டு மூத்தது. 'பொன்னியின் செல்வன்' படித்துவிட்டுப் பழையாறைக்குப் போகிறவர்களில் எத்தனை பேர் இங்கே வருகிறார்கள்? ஏழு பேரைத் தவிர அன்று வேறு யாருமில்லை.

இங்கே ஆசிரியர் டார்ச்சை எடுக்கவில்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைக்கிறார், மறுபடி துடைக்கிறார். வலக்கண்ணில் புரை முற்றிவிட்டது. அடுத்த மாதம் அறுவை சிகிச்சை. இடக்கண்ணுக்கு அதன் பின். காலையில் குடிமல்லத்தில் அவர் படித்ததில் பாதி, பார்த்ததல்ல, மனப்பாடம் என்பதை வங்கி அதிகாரியிடம் மட்டும் ஒப்புக்கொள்கிறார்.

இருட்டிய பிறகு நகரி. தறிகளின் சத்தம் தெரு முழுக்க. எல்லோரும் இறங்கிப் போன பின் ஓட்டுநர் வண்டியை அணைக்காமல் கேட்கிறார்: "அடுத்த மாசம் ஞாயித்துக்கிழமை வண்டி உண்டா சார்? ஆறு பேரு கேட்டிருக்காங்க."

"உண்டு. நான் வர மாட்டேன்."

"அப்ப யாரு சொல்லுவாங்க?"

ஆசிரியர் பையிலிருந்து சுண்ணாம்புக் கட்டியை எடுத்து, வேனின் தூசி படிந்த பக்கவாட்டில் 'தி' என்று பெரிதாக எழுதுகிறார். பக்கத்தில் 'ரு'.

"துடைச்சுடாதே. நாளைக்கு மிச்சத்தை எழுதறேன்."