காந்தகாருக்குப் போனவர்

1999 டிசம்பர் 24, வெள்ளிக்கிழமை சாயங்காலம். காத்மாண்டுவிலிருந்து தில்லிக்கு வந்துகொண்டிருந்த ஐசி 814 விமானத்தைக் கடத்திவிட்டார்கள் என்று தகவல் வந்தது. தில்லியில் ஒரு தமிழ் நாளிதழுக்கு நிருபராக இருந்தேன். விமானம் அமிர்தசரஸில் இறங்கி, ஏறக்குறைய முக்கால் மணி நேரம் நம் மண்ணில் நின்றது. அதை அங்கேயே நிறுத்திவைக்க ஒருவராலும் முடியவில்லை. பிறகு லாகூர், துபாய், மறுநாள் காலை ஆப்கானிஸ்தானின் காந்தகார். துபாயில் 27 பேரை விடுவித்தார்கள். அவர்களோடு ஓர் இளைஞரின் உடலும் வந்தது. கல்யாணமான புதிது, மனைவியோடு ஊர் திரும்பிக்கொண்டிருந்தவர். கத்தியால் குத்திக் கொன்றிருந்தார்கள்.

அடுத்த ஒரு வாரம் தில்லி தில்லியாக இல்லை. ரேஸ்கோர்ஸ் சாலையில் பிரதமர் வீட்டுக்குப் போகும் வழியில், பயணிகளின் உறவினர்கள் பனியிலும் குளிரிலும் நடுரோட்டில் உட்கார்ந்திருந்தார்கள். என் பக்கத்தில் நின்ற ஓர் அம்மா கை வளையல்கள் உடைய உடைய போலீஸ் தடுப்பை அடித்துக்கொண்டே இருந்தார். மணிக்கட்டில் ரத்தம் கசிந்தது. அதைத் துடைக்கக்கூட அவருக்குத் தோன்றவில்லை. கேட்பதைக் கொடுத்துவிட்டு எங்கள் பிள்ளைகளைக் கொண்டுவாருங்கள் என்பதுதான் அங்கே இருந்த எல்லாருடைய கோரிக்கையும். கார்கில் போர் முடிந்து ஆறு மாதம்கூட ஆகவில்லை. சவப்பெட்டிகளுக்கு ஊர்கூடிப் பூப்போட்ட அதே நாடுதான் இது. அந்த மனிதர்களைக் குறைசொல்ல எனக்கு அன்றும் மனம் வரவில்லை, இன்றும் வரவில்லை.

அந்தக் கோபம் முழுவதையும் நேருக்கு நேர் வாங்கியவர் வெளியுறவு அமைச்சர் ஜஸ்வந்த் சிங். சாஸ்திரி பவனில் அவர் பத்திரிகையாளர்களோடு பேசிக்கொண்டிருந்தபோது உறவினர்கள் உள்ளே புகுந்து கத்தினார்கள். அவருடைய அடித்தொண்டைக் குரல் உயரவே இல்லை. தோளில் பட்டை வைத்துத் தைத்த, ராணுவ உடுப்பை நினைவுபடுத்தும் அந்தச் சட்டையைத்தான் பெரும்பாலும் போடுவார். பட்டாளத்தை விட்டு 33 வருஷம் ஆகியும் உடம்பு அந்த விறைப்பை விடவில்லை.

ராஜஸ்தான் பாலைவனத்தில் பார்மேர் மாவட்டத்து ஜசோல் அவர் ஊர். 1938இல் பிறந்தார். அஜ்மீர் மேயோ கல்லூரி, கடக்வாஸ்லா அகாடமி, பிறகு 1957இல் சென்ட்ரல் இந்தியா ஹார்ஸ் படைப்பிரிவில் அதிகாரி. சீனப் போரின்போதும் 1965 போரின்போதும் பணியில் இருந்தவர். 1966இல் மேஜராக இருக்கும்போதே வேலையை உதறிவிட்டு அரசியலுக்கு வந்தார். 1980இல் மாநிலங்களவைக்குள் நுழைந்தார். மாநிலங்களவைக்கு ஐந்து முறை, மக்களவைக்கு நான்கு முறை என்று 34 வருஷம் ஏதாவது ஓர் அவையில் உறுப்பினராக இருந்தார். வெளியுறவு, நிதி, பாதுகாப்பு மூன்றையும் பார்த்த அமைச்சர்கள் நம் நாட்டில் மிகச் சிலர்தான். 1998இல் போக்ரான் அணுகுண்டுச் சோதனைக்குப் பிறகு உலகமே நம்மேல் பாய்ந்தபோது, அமெரிக்காவின் ஸ்ட்ரோப் டால்பாட்டோடு 7 நாடுகளில் 14 சுற்று பேசியவர் அவர்தான். அந்தப் பேச்சு இல்லாவிட்டால் கார்கில் நேரத்தில் வாஷிங்டன் நம் பக்கம் சாய்ந்திருக்குமா என்பது எனக்குச் சந்தேகம்தான்.

காந்தகாருக்கு வருகிறேன். கடத்தியவர்கள் முதலில் 36 கைதிகளையும் 20 கோடி டாலரையும் கேட்டார்கள். பேரம் மூன்று கைதிகளில் வந்து நின்றது. மசூத் அசார், உமர் ஷேக், முஷ்டாக் சர்கார். டிசம்பர் 31 அன்று அவர்களை ஏற்றிக்கொண்டு போன விமானத்தில் ஜஸ்வந்த் சிங்கும் போனார். கடைசி நிமிஷத்தில் ஏதாவது சிக்கல் வந்தால், தில்லியைக் கேட்காமல் அங்கேயே முடிவெடுக்க அதிகாரமுள்ள ஒருவர் வேண்டும் என்பது அவர் பிறகு சொன்ன காரணம். எந்த விட்டுக்கொடுத்தலும் கூடாது என்றுதான் ஆரம்பத்தில் இருந்ததாகவும் அவரே எழுதியிருக்கிறார்.

அவர் போயிருக்கக் கூடாது. இந்திய வெளியுறவு அமைச்சரை தலிபான் அமைச்சர் வரவேற்கும் படத்தை உலகம் முழுக்கக் காட்டினார்கள். அது நமக்கு வந்த தலைகுனிவுதான். ஓர் அதிகாரி போயிருந்தாலே போதும். ஆனால் முடிவை எடுத்தது அமைச்சரவை. அதன் அவமானத்தைத் தன் தலையில் ஏற்றிக்கொண்டு விமானப் படி ஏறியவர் ஒருவர்தான். ஆட்களை ஆபத்தான இடத்துக்கு அனுப்பிவிட்டுத் தான் பின்னால் நிற்கக் கூடாது என்பதைப் பட்டாளத்தில் பத்து வருஷம் பழகியவர் அவர். அன்று இரவு, உலகம் புத்தாயிரத்துக்குக் காத்திருந்த நேரத்தில், பயணிகளோடு தில்லி திரும்பினார். விமான நிலையத்தில் அவரை யாரும் கவனித்ததாக எனக்கு ஞாபகம் இல்லை. எல்லாரும் பிள்ளைகளைக் கட்டிக்கொண்டு அழுதுகொண்டிருந்தார்கள்.

விடுதலையான மசூத் அசார் சில வாரங்களிலேயே ஜெய்ஷ்-ஏ-முகமது இயக்கத்தைத் தொடங்கினார். 2001 டிசம்பர் 13 அன்று நான் நாடாளுமன்றத்தில் இருந்தேன். அவை ஒத்திவைத்துக் கொஞ்ச நேரம்தான் ஆகியிருந்தது. மத்திய மண்டபத்துப் பக்கம் நின்றவர்களுக்கு முதலில் பட்டாசுச் சத்தமாகத்தான் கேட்டது. அப்புறம் கதவுகளை அடைத்தார்கள். உள்ளே பல மணி நேரம். வெளியே காவலர்களும் ஒரு தோட்டக்காரருமாக ஒன்பது பேர் செத்துப்போனார்கள். அந்தத் தாக்குதலில் ஜெய்ஷின் பெயர் வந்ததும் பத்திரிகையாளர் அறையில் எல்லார் வாயிலும் காந்தகார்தான். எல்லாரும் பேசியது ஜஸ்வந்த் சிங்கைப் பற்றி; அமிர்தசரஸில் கழிந்த அந்த முக்கால் மணி நேரத்தைப் பற்றி யாரும் பேசவில்லை. என் வாதமெல்லாம் அந்த முக்கால் மணி நேரத்தில்தான் இருந்தது. விமானம் எல்லை தாண்டிய பிறகு, நூற்றைம்பதுக்கும் மேற்பட்ட உயிர்களுக்கு வேறு என்ன வழி இருந்தது?

2009இல் ஜின்னாவைப் பற்றி அவர் எழுதிய புத்தகம் வந்தது. பிரிவினைக்கு ஜின்னா ஒருவரை மட்டும் பொறுப்பாக்க முடியாது, நேருவுக்கும் படேலுக்கும் பங்கு உண்டு என்பது அதன் வாதம். அவருடைய கட்சியான பாஜக சிம்லாவில் கூடியிருந்தது. சிம்லாவிலேயே இருந்தவருக்கு, நீக்கிவிட்டோம் என்று போனில் சொன்னார்கள். முப்பது வருஷம் கூட இருந்தவரை நேரில் கூப்பிட்டுச் சொல்லக்கூட ஆளில்லாமல் போயிற்று. மறுவருஷம் சேர்த்துக்கொண்டார்கள். 2014இல், சொந்த ஊர்த் தொகுதியில் கடைசியாக ஒருமுறை நிற்கிறேன் என்று கேட்டதற்கு, காங்கிரசிலிருந்து வந்த ஒருவருக்கு அந்த இடத்தைக் கொடுத்தார்கள். 76 வயதில் பார்மேரில் சுயேச்சையாக நின்று சுமார் 4 லட்சம் ஓட்டு வாங்கித் தோற்றார். அந்த ஆகஸ்டில் வீட்டில் விழுந்து தலையில் அடிபட்டது. ஆறு வருஷம் நினைவு சரியாகத் திரும்பவே இல்லை. 2020 செப்டம்பர் 27 அன்று தில்லி ராணுவ மருத்துவமனையில் காலமானார்.

அன்று காலை ஊரிலிருந்து ஒரு பத்திரிகை அஞ்சலிக் குறிப்பு கேட்டது. டால்பாட் பேச்சு, 34 வருஷ அவைப் பணி, ஜின்னா புத்தகத்துக்காக அவர் கொடுத்த விலை, எல்லாம் எழுதினேன். காந்தகார் நாலாவது பத்தியில் இருந்தது. அச்சில் அதுவே முதல் வரியாக வந்தது. டால்பாட் இல்லவே இல்லை. கூப்பிட்டுக் கேட்டேன். வாசகர்களுக்கு அதுதானே சார் தெரியும் என்றார் இளம் உதவி ஆசிரியர். தெரியாததைச் சொல்லத்தானே தம்பி நாம இருக்கோம் என்றேன்.